யாருக்குத் துணை? யான் டெக்லெயரை முன்வைத்து ஒரு சண்டை

2022இல் 'மெமரி' என்று ஒரு ஹொலிவூட் படம் வந்தது. லியம் நீசன் கதாநாயகன். வயதுபோன ஒரு கூலிக் கொலையாளிக்கு ஞாபகமறதி நோய் தொடங்கிவிட்டது. செய்யவேண்டியது மறந்துபோகாமல் இருக்கத் தன் கையிலேயே பேனையால் எழுதி வைக்கிறான். ஒரு சிறுமியைக் கொல்லச் சொல்லுகிறார்கள், மாட்டன் என்கிறான். பிறகு தன்னை ஏவிவிட்டவர்களையே தேடிப் போகிறான். இந்தப் படத்தைப் பற்றித் தமிழில் எழுதினவை, யூடியூப்பில் கதைத்தவை என்று எங்கட கண்ணில் பட்டவற்றில் எல்லாம் ஒரே பல்லவிதான். நீசன் திரும்பத் திரும்ப ஒரே வேசம் போடுகிறார், ஆனால் கதைக்கரு புதுசு.

புதுசா? அந்தக் கரு 1985இல் யெஃப் கேராட்ஸ் என்ற பிளெமிஷ் எழுத்தாளர் எழுதிய நாவலில் இருக்கிறது. 2003இல் எரிக் ஃபான் லோய் அதைப் படமாக எடுத்தார். ஊர் அன்ட்வேர்ப், மொழி டச்சு. அமெரிக்காவில் அதை 'த மெமரி ஒஃப் எ கில்லர்' என்ற பெயரில் திரையிட்டார்கள். அஞ்செலோ லெட்டா என்ற அந்தக் கொலையாளியாக நடித்தவர் பெயர் யான் டெக்லெயர். சரி, ரீமேக் பார்த்தவர்கள் மூலத்தைத் தேடாமல் விடுவது வழமைதானே, இதுக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பீர்கள். கோபம் தேடாமல் விட்டதில் இல்லை. எங்களுக்குத் தெரிந்த ஒருவரிடம் மூலப்படத்தைப் பற்றிச் சொன்னபோது, "ஓ, அந்த பெல்ஜியம் கரெக்டர் அக்டர் நடிச்சதா" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். எங்கட சண்டை அந்த ஒரு வரியோடுதான்.

கரெக்டர் அக்டர். தமிழில் குணச்சித்திர நடிகர். சொல்லைப் பிரித்துப் பார்த்தால் குணத்தைச் சித்திரமாக வரைகிறவர், அதைவிட ஒரு நடிகருக்கு வேறென்ன பெருமை வேணும்? ஆனால் நாங்கள் அதை அந்த அர்த்தத்திலா பாவிக்கிறம்? கதாநாயகனுக்கு அப்பா, சித்தப்பா, பொலிஸ் அதிகாரி, கோயில் ஐயர், இடைவேளைக்கு முன்னம் செத்துப்போகிற வாத்தியார். இவர்களுக்குக் கொடுக்கிற மரியாதையான பெயர்தான் குணச்சித்திரம். மரியாதையாகச் சொல்லி ஓரத்தில் இருத்துகிற பெயர். லெட்டா எந்த ஓரத்தில் இருக்கிறான்? அந்தப் படத்தில் அவன் இல்லாவிட்டால் கதையே இல்லை. அதே பாத்திரத்தை நீசன் செய்தால் கதாநாயகன், டெக்லெயர் செய்தால் குணச்சித்திரம் என்றால், வித்தியாசம் நடிப்பில் இல்லை. ஒருவர் ஆங்கிலம் கதைக்கிறார், மற்றவர் டச்சு கதைக்கிறார். அவ்வளவுதான்.

முதலில் ஆளைச் சொல்லிவிடுறம். யான் டெக்லெயர் 1946 பெப்ரவரி 14இல் அன்ட்வேர்ப்புக்குப் பக்கத்தில் நீல் என்ற ஊரில் பிறந்தவர். அன்ட்வேர்ப்பில் ஹெர்மன் டெயர்லிங்க் என்ற நாடகாசிரியரின் பெயரில் இருந்த நடிப்புப் பள்ளியில் படித்தார். பிற்காலத்தில் அங்கேயே பிள்ளைகளுக்குப் படிப்பித்து, அந்தப் பள்ளியை நடத்துகிற பொறுப்பையும் எடுத்தார். 1971இல் 'மீரா' என்ற படம் அவரைப் பரவலாகத் தெரியவைத்தது. அதே காலத்தில்தான் டாரியோ ஃபோவின் 'மிஸ்தேரோ புஃபோ' நாடகத்தை டச்சு மொழியில் மேடையேற்றிய இடதுசாரிக் குழுவில் சேர்ந்தார். இடைக்காலத்து ஊர்ச் சந்தையில் கோமாளி ஒருவன் பாப்பரசரையும் பிரபுக்களையும் பகிடி பண்ணுகிற நாடகம் அது. அலங்காரம் இல்லை, பெரிய அரங்கம் இல்லை, ஒரு உடம்பும் ஒரு குரலும் போதும். டெக்லெயரின் நடிப்பைப் புரிந்துகொள்ள அவர் எந்தப் படத்துக்கு என்ன விருது வாங்கினார் என்று தேடுவதைவிட இந்த நாடகத்தை நினைவில் வைத்திருப்பது உதவும். அந்தப் பெரிய உடம்பை அவர் எப்பவும் சந்தைக் கோமாளி மாதிரித்தான் பாவிக்கிறார். ஒரு நிமிசம் மலை மாதிரி நிற்கும், அடுத்த நிமிசம் ஒன்றுமில்லாமல் போகும்.

இனி 'டான்ஸ்'. நடனம் இல்லை, அது ஒரு கத்தோலிக்க குருவானவரின் பெயர். அடொல்ஃப் டான்ஸ், 1839இல் பிறந்து 1907இல் இறந்தவர். ஆல்ஸ்ட் என்ற நெசவாலை நகரத்துக்காரர். லூயி போல் போன் அவருடைய குடும்பத்தைப் பற்றி எழுதிய நாவலை வைத்து ஸ்டெயின் கொனிங்ஸ் 1992இல் எடுத்த படம் இது. எங்கட குழுவில் இதைப் பார்த்த எல்லாரும் அடுத்த நாள் வரைக்கும் இதையே கதைத்துக்கொண்டு இருந்தம்.

அந்தக் கால பெல்ஜியத்தைக் கொஞ்சம் விளங்கப்படுத்த வேணும். வடக்கே பிளாண்டர்ஸ். சனம் கதைத்தது டச்சு மொழியின் பிளெமிஷ் வழக்குகள். ஆனால் ஆலை முதலாளி, ஆயர், நீதவான், பாராளுமன்றம் எல்லாம் பிரெஞ்சு. பிரெஞ்சு தெரியாதவன் தன்னுடைய வழக்கையே விளங்கிக்கொள்ள முடியாது. இதில் ஒரு விசித்திரம் இருக்கிறது. டச்சு என்றால் எங்களுக்கு ஒல்லாந்தர், யாழ்ப்பாணக் கோட்டை, சரித்திரப் புத்தகத்தில் 1658. எங்களிடம் ஆண்டவர்களின் மொழியாக வந்த அதே மொழி, ஆல்ஸ்ட் நகரத்து ஆலைக்குள்ளே கூலிக்காரரின் மொழி. எந்த மொழியும் பிறப்பிலேயே அதிகாரம் கொண்டதும் இல்லை, பாவப்பட்டதும் இல்லை என்று மேடையில் சொன்னால் கொட்டாவி வரும். இந்தப் படத்தைப் பார்த்தால் விளங்கும்.

ஆலையில் சிறுபிள்ளைகள் இயந்திரத்துக்குக் கீழே தவழ்ந்து வேலை செய்கிறார்கள், அதிலேயே சாகிறார்கள். குறைந்த கூலிக்குப் பெண்களை வைத்துக்கொண்டு ஆண்களை வேலையால் நிற்பாட்டுகிறான் முதலாளி. 1891இல் பாப்பரசர் பதின்மூன்றாம் லியோ தொழிலாளர் நிலை பற்றிச் சுற்றுமடல் ஒன்று வெளியிட்டிருந்தார். டான்ஸ் அதைக் கையில் எடுத்துக்கொண்டு, உங்கட பாப்பரசரே சொல்லியிருக்கிறாரே என்று கேட்கத் தொடங்குகிறார். கத்தோலிக்கக் கட்சியின் தலைவர் ஷார்ல் வூஸ்ட்டுக்கு இது பிடிக்குமா? 1894 தேர்தலில் டான்ஸ் பாராளுமன்றத்துக்குப் போகிறார். பிறகு திருச்சபை மெல்ல மெல்ல அவரை நெரிக்கிறது. கடைசியில் பூசை வைக்கிற உரிமையும் போகிறது, அங்கியும் போகிறது.

இப்படி ஒரு பாத்திரம் கிடைத்தால் எங்கட சினிமாவில் என்ன நடக்கும் என்று உங்களுக்குத் தெரியும். காற்றில் அங்கி பறக்கும், பின்னணியில் கோரஸ் வரும், நாயகன் கைவிரலை நீட்டிக் கத்துவார். டெக்லெயர் அந்த வேலையே செய்யவில்லை. அவருடைய டான்ஸ் களைத்துப்போன மனிசன். கோபம் வரும்போது முகத்தை விடத் தோள்தான் முதலில் மாறுகிறது. ஆயருக்கு முன்னால் நிற்கும்போது அவ்வளவு பெரிய ஆள் ஒரு பள்ளிக்கூடப் பெடியன் மாதிரிக் குறுகிப் போகிறார். ஏனென்றால் அவருக்கு உண்மையிலேயே விசுவாசம் இருக்கிறது. கீழ்ப்படிவேன் என்று அவர் கொடுத்த வாக்கு உண்மையானது. கீழ்ப்படியாமல் இருப்பது அவருக்கு வீரம் இல்லை, வலி. புரட்சிப் படம் எடுக்கிற ஆக்கள் இதை ஒருக்கால் பார்க்க வேணும் என்று நாங்கள் அடம்பிடிப்பதற்குக் காரணம் இதுதான். அந்த ஆயராக நடித்த யூலியன் ஸ்கூனார்ட்ஸும் பெரிய மேடை நடிகர். அவருடைய மகன் மத்தியாஸ், இன்று ஹொலிவூட்டில் தெரிந்த முகம், இதே படத்தில் சின்னப் பெடியனாக வருகிறார்.

'டான்ஸ்' சிறந்த வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஒஸ்கார் இறுதிப் பட்டியலுக்குப் போனது. 1993இல் அந்த விருதை வென்றது 'இந்தோஷின்'. பிரெஞ்சுக் காலனியான வியட்நாமில் இறப்பர்த் தோட்டம் வைத்திருக்கிற ஒரு பிரெஞ்சுப் பெண்ணின் கதை. கத்தரின் டெனவ் அதில் நடித்தார், சிறந்த நடிகைக்கும் பரிந்துரைக்கப்பட்டார். டெனவ் நல்ல நடிகை, அதில் எங்களுக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் யோசித்துப் பாருங்கோ. பிரெஞ்சு பேசுகிற முதலாளிகளிடம் தன் மொழியில் நியாயம் கேட்ட ஒரு ஆளைப் பற்றிய படம், பிரெஞ்சுத் தோட்ட முதலாளியின் காதல் சோகத்திடம் தோற்றுப்போனது. டெக்லெயரின் பெயர் நடிகர் பட்டியலில் எங்கேயும் இல்லை. இதை ஒரு நாவலில் எழுதினால் அதிகப்படியாக இருக்கிறது என்று ஆசிரியர் வெட்டியிருப்பார்.

அந்த விருது அந்தக் காலத்தில் எப்படி வேலை செய்தது என்பதையும் சொல்ல வேணும். வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஒஸ்கார் ஒரு நாட்டுக்குப் போகிற விருதாக இருந்தது. ஒவ்வொரு நாடும் ஒரு படம் அனுப்பியது, இயக்குநர் மேடையில் ஏறி வாங்கினார். நெதர்லாந்து இந்த விருதை மூன்று தடவை வென்றிருக்கிறது. அதில் இரண்டு படங்களில் டெக்லெயர் இருக்கிறார். 1995இல் வந்த 'அன்டோனியா', 1997இல் வந்த 'கரக்டர்'. அவருடைய சொந்த நாடான பெல்ஜியமோ ஒருமுறையும் வென்றதில்லை. பக்கத்து நாட்டுக்கு இரண்டு சிலை வர உதவிய மனிசனுக்குத் தன் வீட்டு அலுமாரியில் வைக்க ஒன்றும் இல்லை!

'அன்டோனியா'வில் அவர் செய்தது உண்மையிலேயே துணைப் பாத்திரம்தான், அதை மறைக்க மாட்டம். மார்லீன் கொரிஸ் எடுத்த பெண்ணியப் படம். மையத்தில் வில்லெக்கே ஃபான் அம்மெல்ரோய். 'மீரா'வில் டெக்லெயரோடு நடித்த அதே நடிகைதான், இருபத்துநாலு வருசத்துக்குப் பிறகு. டெக்லெயர் பாஸ் என்ற கமக்காரன், ஐந்து ஆம்பிளைப் பிள்ளைகளின் தகப்பன். பிள்ளைகளுக்கு ஒரு தாய் வேணும் என்று அன்டோனியாவிடம் கலியாணம் கேட்டு வருகிறார். அவளுக்குப் பிள்ளைகளும் வேண்டாம், புருசனும் வேண்டாம். வேணுமென்றால் வந்து வேலை செய்துதந்துவிட்டுச் சாப்பிட்டுப் போகலாம் என்கிறாள். பாஸ் கோபப்படவில்லை, அவமானப்படவும் இல்லை. கொஞ்சம் யோசிக்கிறார், பிறகு சம்மதிக்கிறார். 'இல்லை' என்று ஒரு பெண் சொன்னதை ஒரு ஆம்பிளை எப்படிக் கேட்டுக்கொள்ள வேணும் என்பதற்கு இவ்வளவு இயல்பான உதாரணத்தை நாங்கள் சினிமாவில் அதிகம் பார்த்ததில்லை. துணை நடிப்பு என்றால் இதுதான். படத்தின் நடுவில் இருப்பவளுக்கு இடம் விடுவது.

'கரக்டர்' அதற்கு நேர் எதிர். போர்டெவெய்க் 1938இல் வெளியிட்ட நாவல், மைக் ஃபான் டீம் இயக்கிய படம். 1920களின் ரொட்டர்டாம். ட்ரேவர்ஹாவன் என்ற பாத்திரம் டெக்லெயருக்கு. தொழில், நீதிமன்றக் கட்டளையைக் கொண்டுபோய்ச் சனத்தை வீட்டை விட்டு எழுப்புவது. எங்கட நீதிமன்றத்தில் பிஸ்கால் என்று சொல்வோமே, ஒல்லாந்தர் விட்டுப்போன அந்தச் சொல், அந்த மாதிரியான உத்தியோகம். இரக்கம் என்ற பேச்சே இல்லாத ஆள். தன் வீட்டு வேலைக்காரிக்குப் பிறந்த மகனை வாழ்க்கை முழுக்க வதைக்கிறான். மகன் தெரியாமல் வாங்கிய கடன் தகப்பனுடைய வங்கிக் கடன். அதை வைத்து மகனை வங்குரோத்து ஆக்க வழக்குப் போடுகிறான். ஏன் இப்படிச் செய்கிறான்? மகனை அழிக்கவா, இல்லை உருக்கு மாதிரி வளர்க்கவா? நாவலும் படமும் கடைசி வரைக்கும் கயிற்றை இழுத்துப் பிடித்துக்கொண்டே இருக்கின்றன. டெக்லெயர் ஒரு இடத்திலும் பதில் சொல்லித் தரவில்லை. கறுப்புக் கோட்டும் தொப்பியுமாகத் தெருவில் நடக்கும்போது பயமாக இருக்கிறது, இருட்டு அறையில் தனிய இருக்கும்போது பாவமாக இருக்கிறது. இரண்டுக்கும் நடுவில் அவர் முகத்தில் எதையும் மாற்றியதாகத் தெரியவில்லை. படத்தின் முடிவில் ஒரே ஒரு சொல் எழுத்தில் வரும். அதை இங்கே சொல்ல மாட்டம்.

1998இல் அந்தப் படம் ஒஸ்கார் வென்ற இரவில் சிறந்த நடிகர் விருதுக்குப் போட்டியிட்ட ஐந்து பேரும் அமெரிக்கர்கள். இதைச் சொன்னால் உடனே ஒரு பதில் வரும்: அடுத்த வருசமே ரொபேர்ட்டோ பெனினி இத்தாலிய மொழியில் நடித்து அந்த விருதை வாங்கினாரே, அப்ப மொழி எங்கே தடை? சரியான கேள்வி. பெனினிக்குப் பின்னால் மிராமக்ஸ் நிறுவனம் இருந்தது, விருதுக்காகப் பிரசாரம் செய்வதில் அந்தக் காலத்தில் அவர்களை வெல்ல ஆள் இல்லை. இத்தாலிய சினிமாவுக்கு அமெரிக்காவில் ஐம்பது வருசத்துக்கு மேல் ரசிகர் இருந்தார்கள். பிளெமிஷ் சினிமாவுக்கு என்ன இருந்தது? நெதர்லாந்துத் தொலைக்காட்சியே பிளெமிஷ் நாடகங்களுக்கு அடிக்கடி டச்சு எழுத்துப் போட்டுத்தான் காட்டுகிறது. ஒரே மொழிக்குள்ளேயே சப்டைட்டில். அங்கே இருந்து லொஸ் ஏஞ்சலிஸ் எவ்வளவு தூரம்!

டெக்லெயரைத் தூக்கிப் பிடிப்பதற்காக அவர் சம்பந்தப்பட்ட எல்லாவற்றையும் நாங்கள் ஏற்றுக்கொள்வதாக நினைக்க வேண்டாம். பிளாண்டர்ஸ் பிள்ளைகளைக் கேட்டால் டான்ஸும் தெரியாது, ட்ரேவர்ஹாவனும் தெரியாது. அவர்களுக்கு டெக்லெயர் என்றால் சின்டர்க்ளாஸ், டிசம்பர் 6இல் பரிசு கொண்டுவருகிற தாடிக்காரப் புனிதர். 1990களின் தொடக்கத்தில் வந்த ஒரு சிறுவர் தொடரில் இருந்து பல வருசங்களாக அந்த வேசத்தைப் போட்டவர். அந்தத் தொடர் நல்ல பகிடி, எழுத்தும் அருமை என்று அங்கே வளர்ந்தவர்கள் சொல்வார்கள். ஆனால் புனிதருக்குப் பக்கத்தில் 'கறுப்புப் பீட்' என்ற வேலையாள் நிற்பான், வெள்ளை நடிகர் முகத்தில் கறுப்பு மை பூசி. இது இனவாதம் என்று கறுப்பின மக்கள் பெல்ஜியத்திலும் நெதர்லாந்திலும் நீண்டகாலமாகப் போராடினார்கள், போராட்டம் பலதை மாற்றியும் இருக்கிறது. ஆலைத் தொழிலாளிக்காக அங்கியைக் கழற்றிய பாத்திரமும் இந்த வேசமும் ஒரே நடிகரின் ஒரே காலத்து வேலைகள். எங்களுக்கு இது நெருடுகிறது. நெருடட்டும். ஒரு நடிகரைப் பற்றி முழுசாக எழுதுவது என்றால் இதையும் எழுதத்தான் வேணும். குணச்சித்திரம் என்ற முத்திரை இந்த வேலையையும் மிச்சமாக்கித் தருகிறது. 'எந்த வேசத்திலும் கரைந்துபோவார்' என்று எழுதிவிட்டு, என்ன வேசம் என்று கேட்காமல் நடையைக் கட்டலாம்.

2009இல் வந்த 'லே பாரோன்' படத்தில் அவர் வேறு ஒரு பக்கத்தில் நிற்கிறார். பிரசல்ஸின் மொலன்பீக் பகுதியில் வேலையில்லாமல் சுற்றுகிற மொரோக்கோ வம்சாவளி இளைஞர்களைப் பற்றி நபீல் பென் யாதிர் எடுத்த பகிடிப் படம். டெக்லெயர் அங்கே கடைக்காரர், கதைப்பது பிரெஞ்சு. 'டான்ஸ்' பார்த்துவிட்டு இதைப் பார்த்தால் அந்தப் பிரெஞ்சைக் கேட்கவே வேறு மாதிரி இருக்கும்.

இப்ப எங்கட விமர்சகர்களிடம் வருகிறம். உலக சினிமா என்று எழுதுகிறார்கள், இயக்குநர் பெயர், நாடு, வருசம், விருது. நடிகர் பெயர் வராது. வந்தாலும் அடைப்புக்குள் வரும். சினிமா இயக்குநரின் ஊடகம் என்று படித்ததைப் பிடித்துக்கொண்டு, ஐம்பது வருசம் ஒரு மொழியின் அத்தனை வகை மனிசரையும் தன் உடம்பில் சுமந்த ஒருவரைப் பெயரில்லாமல் விட்டுவிடுவார்கள். ஹொலிவூட் படம் என்றால் மட்டும் கதை மாறும். அங்கே நீசன் படம், டென்சல் படம், டொம் குரூஸ் படம். அப்ப நடிகர் முக்கியம். ஆங்கிலம் கதைக்கிறவருக்கு முகம் உண்டு, மற்றவர்களுக்கு நாடு மட்டும்தான் உண்டு என்ற இந்தக் கணக்கை ஹொலிவூட் போட்டது. அதைத் தமிழில் கொப்பி பண்ண வேண்டிய கட்டாயம் எங்களுக்கு என்ன?

நீசன் மேல் எங்களுக்குக் கோபம் இல்லை. 'மெமரி'யில் கை பியர்ஸ் எஃப்.பி.ஐ. அதிகாரியாக வருவதும் நல்ல பகிடிதான். 'மெமென்டோ'வில் மறதிக்காக உடம்பெல்லாம் பச்சை குத்தினவர் அவர், இங்கே கையில் எழுதுகிறவனைத் துரத்துகிறார். கதையை அமெரிக்காவின் எல் பாசோவுக்குக் கொண்டுபோனதும் குற்றம் இல்லை, கதைகள் இடம்பெயரும். ஆனால் இரண்டு படத்தையும் அடுத்தடுத்துப் பாருங்கோ. நீசனின் கொலையாளி தவறிப்போகிற ஞாபகத்தோடு சண்டை பிடிக்கிறான், அதைப் பார்க்கலாம், அனுதாபப்படலாம். டெக்லெயரின் லெட்டா அதை ஒளிக்கிறான். தொழிலில் ஒரு பிழையும் விடாத ஆள் என்ற பெயர் அவனுக்கு இருக்கிறது, அந்தப் பெயர் போகிறதை மற்றவர்கள் பார்த்துவிடக் கூடாது. அதனால் மறந்துபோகிற ஒவ்வொரு தடவையும் முகத்தில் முதலில் வருவது பயம் இல்லை, ஒரு சின்ன வெட்கம். பராமரிப்பு இல்லத்தில் அவனுடைய சகோதரன் இருக்கிறான், அதே நோய், முற்றிப்போன நிலை. லெட்டா அவனுக்குப் பக்கத்தில் போய் இருக்கிறான், தனக்கு வரப்போகிறதைப் பார்த்துக்கொண்டு. வசனம் ஏறக்குறைய ஒன்றும் இல்லை. அந்தப் பெரிய உடம்பு கதிரையில் எப்படி இருக்கிறது என்று மட்டும் பாருங்கோ.